நிலம் ஒருவருடையது, செட்டு இன்னொருவருடையது: திருப்பூர் புறநகரில் ஒரு சொத்துவரித் தகராறு

திருப்பூர் மாநகராட்சியோடு 2011இல் இணைக்கப்பட்ட புறநகர்ப் பகுதி ஒன்றில் 40 சென்ட் மேட்டாங்காடு (கொங்குப் பேச்சில் காடு என்றால் மானாவாரி நிலம்) வைத்திருந்த ஒரு விவசாயிக்கும், அந்த இடத்தைக் குத்தகைக்கு எடுத்துத் தன் செலவில் செட்டுப் போட்டு நிட்டிங் மிஷின்கள் ஓட்டி வந்த ஒரு சிறு தொழில்முனைவோருக்கும் இடையே 2024ஆம் ஆண்டின் இறுதியில் எழுந்த தகராறு இது. உரிமையியல் வழக்குகள் நடத்தும் வழக்கறிஞன் என்ற முறையில் முதலில் குத்தகைதாரர் என்னிடம் வந்தார். நிலக்காரரும் எனக்குப் பழக்கமானவர் என்பதால், ஒருவருக்காக மட்டும் வாதாடாமல் இருவரையும் உட்கார வைத்துப் பேச முடியுமென்றால் மட்டுமே இதை எடுத்துக்கொள்வேன் என்று சொன்னேன், இருவரும் ஒத்துக்கொண்டார்கள். அடையாளம் தெரியக்கூடிய விவரங்களை விட்டுவிட்டு, நடந்ததையும் அதில் நான் எடுத்த நிலைப்பாட்டையும் இங்கே பதிவு செய்கிறேன். ஏனெனில் இதே தகராறு பல்லடத்திலும் சோமனூரிலும் அவிநாசியிலும் வெவ்வேறு தொகைகளோடு திரும்பத் திரும்ப வருகிறது.

குத்தகைப் பத்திரம் 2010 ஜனவரியில் எழுதப்பட்டது. முத்திரைத்தாளில் 15 ஆண்டுகளுக்கு எழுதி, இரண்டு சாட்சிகள் கையெழுத்திட்டு, பதிவு செய்யாமல் விட்டிருந்தார்கள். அப்போது அந்த இடம் ஊராட்சி எல்லைக்குள் இருந்தது. முன்பணம் ஒரு லட்சம்; வாடகை மாதம் 6,000 ரூபாயில் தொடங்கிப் படிப்படியாக ஏறி 2024இல் 18,000 ஆகியிருந்தது. குத்தகைதாரர் 6,000 சதுர அடியில் இரும்புத் தூண் நிறுத்தி, தகடு வேய்ந்து, சிமெண்ட் தளம் போட்டார். செட்டு எழுந்ததும் ஊராட்சி அதற்கு வீட்டுவரி விதித்தது. பட்டா நிலக்காரர் பெயரில் இருந்ததால் வரிவிதிப்பும் அவர் பெயரிலேயே ஆனது. தொகை சிறியது என்பதால் குத்தகைதாரரே போய்க் கட்டி, ரசீதை நிலக்காரரிடம் கொடுத்துவிட்டு வந்தார். நிலக்காரர் வீட்டுத் திண்ணைச் சுவரில் ஒரு கம்பி தொங்கும்; கரண்ட் பில், பால் சொசைட்டிச் சீட்டு, தீர்வை ரசீது எல்லாவற்றோடும் இந்த ரசீதுகளும் அதில்தான் குத்தப்பட்டிருந்தன. பதினான்கு வருடச் சரித்திரத்தை நான் படித்தது அந்த ஒற்றைக் கம்பியிலிருந்துதான்.

2011இல் அப்பகுதி மாநகராட்சிக்குள் வந்தது. ஊராட்சியின் வீட்டுவரி மாநகராட்சியின் சொத்துவரியாக மாறியது. ஆண்டுக்கு ஒருமுறை கட்டியதை ஏப்ரலிலும் அக்டோபரிலும் தொடங்கும் இரண்டு அரையாண்டுகளுக்கும் தனித்தனியே கட்ட வேண்டியதாயிற்று. பிறகு மறு அளவீடு நடந்து, 2022 மார்ச்சு வரையில் அரையாண்டுக்கு 14,200 ரூபாய் என்ற நிலைக்கு வந்திருந்தது. அதையும் குத்தகைதாரரே முணுமுணுத்தபடி கட்டி வந்தார். 2022 ஏப்ரலில் தமிழக அரசு அறிவித்த பொதுச் சீராய்வில், சென்னை நீங்கலான மாநகராட்சிகளில் வணிகக் கட்டடங்களுக்கு 100 சதவீதமும் தொழிற்கூடங்களுக்கு 75 சதவீதமும் வரி உயர்த்தப்பட்டது. 14,200 ரூபாய் 24,850 ஆனது. அங்கேதான் குத்தகைதாரர் நின்றுவிட்டார்.

அவர் நின்ற காரணத்தை அவர் வார்த்தையிலேயே சொல்வது நியாயம். "ஏனுங்க மாமா, நான் போட்ட செட்டுக்கு நான் கட்டறது ஞாயந்தானுங்க, உங்க காட்டுக்கும் சேத்தி நானே கட்டோணுமுங்களா?" என்று அவர் நிலக்காரரிடம் கேட்டிருக்கிறார். நிலக்காரரின் பதிலும் அதே அளவுக்கு நேரானது: "காடாக் கெடந்திருந்தா எனக்கு இந்த வரியே கெடையாதல்ல தம்பி? செட்டு வந்துதான வரி வந்துச்சு?" இரண்டு கேள்விகளும் சரியானவை. அதனால்தான் இருவரும் இரண்டரை ஆண்டுகள் பேசிக்கொள்ளாமல் இருந்தார்கள். மாநகராட்சியின் கேட்பு அறிவிப்புகள் நிலக்காரர் பெயருக்கு வந்தன, அவை கம்பியில் குத்தப்பட்டன, குத்தகைதாரருக்குச் சொல்லப்படவில்லை. 2024 அக்டோபரில் பில் கலெக்டர் செட்டுக்கே வந்து, ஐந்து அரையாண்டுகளுக்கு 1,24,250 ரூபாய் பாக்கி, தாமதத்துக்கான தொகை தனி, கட்டாவிட்டால் மேல்நடவடிக்கை என்று சொன்னபோது, குத்தகைக் காலம் முடிய மூன்று மாதமே இருந்தது. புதுப்பிக்கும் பேச்சும் வரிப் பேச்சும் ஒன்றாகச் சிக்கிக்கொண்டன.

பத்திரத்தை வாங்கிப் பார்த்தேன். தகராறு முழுவதும் அதிலிருந்த ஒரே வாக்கியத்தில் அடங்கியிருந்தது: "மேற்படி நிலத்துக்குண்டான வரி வகையறாக்களை நிலச் சொந்தக்காரரே செலுத்திக்கொள்ள வேண்டியது, தொழில் சம்பந்தப்பட்ட வரி மற்றும் மின்கட்டணத்தைக் குத்தகைதாரர் செலுத்திக்கொள்ள வேண்டியது." எழுதியவர் மனத்தில் இருந்தது என்ன என்பது எளிதில் விளங்குகிறது. 2010இல், ஊராட்சியில், 'நிலத்துக்குண்டான வரி' என்றால் கிராம நிர்வாக அலுவலரிடம் கட்டும் தீர்வை. 'தொழில் சம்பந்தப்பட்ட வரி' என்றால் தொழில் வரியும் உரிமக் கட்டணமும். நிலத்தின் மேல் எழப்போகும் கட்டடத்துக்கு என்ன வரி, அது யார் தலையில் என்ற கேள்வி அந்தப் பத்திரத்தில் இல்லவே இல்லை. நிலக்காரர் இரண்டாம் பாதியைக் காட்டிச் செட்டு தொழிலுக்குரியது என்றார். குத்தகைதாரர் முதல் பாதியைக் காட்டிச் செட்டு நிலத்தில்தானே நிற்கிறது என்றார். கொங்கு நாட்டுக் குத்தகைப் பத்திரங்களில் நான் பார்த்தவற்றில் பெரும்பாலானவை இந்த வாக்கியத்தையே ஏதோ ஒரு வடிவில் வைத்திருக்கின்றன. ஊராட்சிக் காலத்தில் எழுதிய சொல்லை வைத்து மாநகராட்சிக் காலத்து வரியைப் பங்கிட முடியாமல் மக்கள் தவிக்கிறார்கள்.

இங்கே இரண்டு கேள்விகளைப் பிரித்துப் பார்க்க வேண்டும் என்று இருவரிடமும் முதலிலேயே சொன்னேன். மாநகராட்சிக்கு யார் கடன்பட்டவர் என்பது ஒரு கேள்வி. இருவருக்குள் யார் சுமக்க வேண்டும் என்பது வேறொரு கேள்வி.

முதல் கேள்விக்குச் சட்டம் நெடுங்காலமாக ஒரே திசையில்தான் பதில் சொல்லி வருகிறது. 1920ஆம் ஆண்டு மாவட்ட நகராட்சிகள் சட்டம், சொத்துவரியைச் செலுத்த வேண்டியவர் சொத்தின் உரிமையாளர் என்றது. அந்த வரி சொத்தின் மேலேயே முதல் பொறுப்பாக நிற்கும், அதாவது பாக்கியை அந்தச் சொத்திலிருந்தே வசூலிக்கலாம் என்றும் வைத்தது. 2023 ஏப்ரல் 13 முதல் 1998ஆம் ஆண்டு நகர்ப்புற உள்ளாட்சி அமைப்புகள் சட்டம் மாநிலம் முழுவதற்கும் பொதுவாக நடைமுறைக்கு வந்த பிறகும், வரிவிதிப்பு யார் பெயரில் இருக்கிறதோ அவரைத்தான் அலுவலகம் முதலில் தேடுகிறது. எனவே "என் பெயரில் வந்தால் என்ன, கட்ட வேண்டியவர் அவர்" என்று நிலக்காரர் அறிவிப்புகளைக் கம்பியில் குத்தியது அவருக்கே கேடு. பாக்கி ஏறினால் பொறுப்பு ஏறுவது அவருடைய காட்டின் மேல்தான். இதைச் சொன்னபோது அவர் முகம் மாறியதைக் கண்டேன். அதுவரை அது குத்தகைதாரரின் கடன் என்றே அவர் உண்மையாக நம்பியிருந்தார்.

ஆனால் பழைய சட்டம் 'உரிமையாளர்' என்ற சொல்லுக்குக் கொடுத்த விளக்கம், கிரயப் பத்திரத்தில் பெயர் உள்ளவரோடு நிற்கவில்லை என்பதையும் சொல்ல வேண்டும். சொத்தின் வாடகையைப் பெறுகிறவர், பெற உரிமையுள்ளவர் எவரும் அதில் அடங்குவர். இந்தக் குத்தகைதாரர் செட்டை உள்வாடகைக்கு விட்டு வருமானம் பார்த்திருந்தால், செட்டைப் பொறுத்தவரை அவரே உரிமையாளர் என்று வாதிட இடமிருந்திருக்கும். அவர் தானே தொழில் நடத்தியதால் அந்த வாதம் இங்கே எழவில்லை.

இரண்டாவது கேள்விதான் உண்மையான வழக்கு. குத்தகையில் இரு தரப்பின் உரிமைகளையும் கடமைகளையும் வரிசைப்படுத்தும் 1882ஆம் ஆண்டு சொத்து மாற்றுச் சட்டத்தின் 108ஆம் பிரிவு, ஒப்பந்தமோ உள்ளூர் வழக்கமோ இல்லாத இடத்தை நிரப்புவதற்காகவே எழுதப்பட்டது. அதில் உள்ளாட்சி வரியை யார் சுமப்பது என்பதற்கு நேரான விதி இல்லை. இதே சட்டம், போகியத்துக்கு நிலத்தைப் பிடித்து அனுபவிப்பவரைப் பற்றிப் பேசும் 76ஆம் பிரிவில், மாறான ஒப்பந்தம் இல்லாவிட்டால் அரசு வரியையும் பொதுத் தீர்வைகளையும் அனுபவிப்பவரே அந்த வருமானத்திலிருந்து கட்ட வேண்டும் என்று தெளிவாகச் சொல்கிறது. ஆகவே "நான் பெரிய முன்பணம் கொடுத்திருக்கிறேன், இது போகியம் மாதிரிதான்" என்று குத்தகைதாரர் ஒரு சமயம் சொன்னபோது, அப்படிச் சொன்னால் முழு வரியும் உங்கள் தலையில்தான் விழும் என்று அவரைத் தடுத்தேன். மாதாமாதம் வாடகை கொடுத்து வந்தவருக்கு அது போகியமும் அல்ல.

108ஆம் பிரிவில் எங்களுக்கு உதவியது வேறோர் உட்பிரிவு. குத்தகைதாரர் தான் நிலத்தில் பொருத்தியவற்றை, இடத்தை வாங்கிய நிலையிலேயே விட்டுவிட்டு, பிரித்து எடுத்துக்கொண்டு போகலாம் என்கிறது அது. நமது பத்திரத்திலும் "கெடு முடிவில் செட்டைப் பிரித்துக்கொள்ள வேண்டியது" என்ற வாக்கியம் இருந்தது. தூண்கள் போல்ட்டு போட்டு நிறுத்தியவை, தகடு கழற்றக்கூடியது. பிரித்துக்கொண்டு போகிறவர் யாரோ, நிற்கும் வரை அது அவருடைய பொருள். அதற்குரிய வரியை அவர் சுமப்பதே முறை. செட்டு கடைசியில் நிலக்காரருக்கே விட்டுவிடப்பட வேண்டும் என்று பத்திரம் சொல்லியிருந்தால் என் முடிவு வேறாக இருந்திருக்கும். இவ்வகைத் தகராறுகளில் நான் முதலில் தேடும் வாக்கியம் இதுதான். வரியைப் பற்றிய வாக்கியத்தை விட, முடிவில் கட்டடம் யாருக்கு என்ற வாக்கியம் அதிகம் சொல்கிறது.

பன்னிரண்டு வருடம் குத்தகைதாரரே கட்டி வந்தது எதைக் காட்டுகிறது? "வருசக்கணக்கா அவுங்கதான கட்டுனாங்க" என்பது நிலக்காரரின் பலமான வாதம். இருவரும் எப்படி நடந்துகொண்டார்கள் என்பது தெளிவில்லாத பத்திரத்துக்கு விளக்கமாக நிற்கும் என்பதால், நீதிமன்றமும் இதை எளிதில் தள்ளிவிடாது. செட்டின் வரி தன்னுடையது என்று குத்தகைதாரர் ஏற்றுக்கொண்டிருந்தார் என்பதற்கு அது சான்று. நிலத்தின் பங்கையும் என்றென்றும் ஏற்றார் என்பதற்கு அது சான்றாகாது என்பது என் கருத்து. சிறு தொகையாக இருந்தபோது யாரும் அதைப் பிரித்துப் பார்த்திருக்க மாட்டார்கள்.

அப்படியானால் பிரிப்பது எப்படி? இதற்கும் பழைய சட்டத்திலேயே ஒரு வழி இருந்தது. 1920ஆம் ஆண்டுச் சட்டத்தின் 82ஆம் பிரிவில், சொத்தின் ஆண்டு மதிப்பு என்பது நியாயமாக எதிர்பார்க்கக்கூடிய ஆண்டு வாடகை. அதில் கட்டடத்துக்கு மட்டும் உரிய பகுதியிலிருந்து 10 சதவீதம் கழித்துக்கொள்ள வேண்டும். இயந்திரங்களும் தளவாடங்களும் மதிப்பீட்டில் சேராது. மனையின் வாடகை வேறு, கட்டடத்தின் வாடகை வேறு என்று சட்டமே மனத்துக்குள் பிரித்துப் பார்த்திருக்கிறது. இன்றைய கணக்கு முறை வேறு என்றாலும், இரு தரப்புக்குள் நியாயம் பேச இது போதுமான அளவுகோல் என்று பட்டது. அந்தப் பக்கத்தில் அதே போன்ற செட்டு, நிலத்தோடு சேர்த்து சதுர அடிக்கு 10 ரூபாய் வீதம் மாதம் 60,000 ரூபாய்க்குப் போகும் என்று இருவருமே ஒத்துக்கொண்டார்கள். அதில் வெறும் நிலத்தின் வாடகை 18,000. அது ஏற்கெனவே நடப்பில் உள்ளது. மீதி 42,000 கட்டடத்துக்குரியது. அதில் 10 சதவீதம் கழித்தால் 37,800. இரண்டும் சேர்ந்து 55,800. நிலத்தின் பங்கு ஏறக்குறைய 32 சதவீதம். மூன்றில் ஒரு பங்கு நிலக்காரர், இரண்டு பங்கு செட்டுக்காரர் என்று முழுமையாக்கினோம். பாக்கியில் நிலக்காரருக்கு 41,417 ரூபாய், குத்தகைதாரருக்கு 82,833 ரூபாய் வந்தது.

நிலக்காரர் இதை உடனே ஏற்கவில்லை. காடாகக் கிடந்திருந்தால் தனக்கு ஒரு பைசாவும் இல்லை என்ற பழைய இடத்துக்கே திரும்பினார். காடாகக் கிடந்திருந்தால் மாதம் 18,000 ரூபாயும் இருந்திருக்காது என்றேன். மானாவாரியில் சோளமும் கொள்ளும் விதைத்து வந்த அந்த 40 சென்ட் ஆண்டுக்கு என்ன கொடுத்தது என்பதை என்னை விட அவர் நன்றாக அறிவார். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, பிறகு தலையாட்டினார்.

தாமதத்துக்கான தொகையை நிலக்காரரே ஏற்க வேண்டும் என்று நான் சொன்னது கடுமையானது என்று அவர் மகன் வருத்தப்பட்டார். நான் மாற்றவில்லை. அறிவிப்பு அவர் கையில் இருந்தது. ஒரு போன் செய்திருந்தால் 2022லேயே பேசி முடித்திருக்கலாம். மறுபுறம், வரி ஏறியது ஊருக்கே தெரிந்திருக்க, தனக்குத் தெரியாது என்று குத்தகைதாரர் சொன்னதையும் நான் முழுமையாக ஏற்கவில்லை. ஆயினும் தகவலைக் கையில் வைத்திருந்தவருக்கே கடமை அதிகம்.

பணத்தைப் பிரித்த பிறகும் தகராறு தீரவில்லை. குத்தகைதாரருக்கு வங்கிக் கடன் வேண்டியிருந்தது. வரிவிதிப்பைச் செட்டு வரைக்கும் தன் பெயருக்கு மாற்றிக்கொடுக்கக் கேட்டார். நிலக்காரர் எழுந்து நின்றுவிட்டார். "ரசீது உம்பேருக்குப் போனா நாளைக்கு காடும் உம்பேருக்குப் போயிருமல்ல?" இரண்டரை வருடப் பிடிவாதத்துக்குப் பின்னால் உண்மையில் இருந்தது இந்தப் பயம்தான் என்பது அப்போதுதான் எனக்குப் புரிந்தது. அந்தப் பயத்தை லேசாக நினைக்கக் கூடாது. வாடகைக்கு விட்ட இடத்தை மீட்க முடியாமல் தலைமுறைகளாக நீதிமன்றம் ஏறியவர்களின் கதையைக் கேட்டு வளர்ந்த ஊர் இது. அடிமனையை வாடகைக்கு எடுத்துக் கட்டடம் கட்டியவர்களுக்குப் பாதுகாப்புத் தந்த 1921ஆம் ஆண்டு நகரக் குடியிருப்போர் பாதுகாப்புச் சட்டத்தின் 9ஆம் பிரிவு, நீதிமன்றம் நிர்ணயிக்கும் விலைக்கு அந்த மனையையே வாங்கிக்கொள்ளக் கேட்கும் உரிமையைத் தந்திருந்தது. அது எங்கே, எந்தக் காலத்துக் குத்தகைக்குப் பொருந்தும் என்ற வரம்பெல்லாம் திண்ணைப் பேச்சில் வருவதில்லை. "குடியிருந்தவனுக்கே நிலம்" என்ற பாதி மட்டும் தங்கிவிட்டது.

வரி ரசீது கிரயம் ஆகாது என்பதை அவருக்கு நிதானமாக விளக்கினேன். வரி கட்டியதாலோ பதிவேட்டில் பெயர் ஏறியதாலோ உரிமை பிறப்பதில்லை என்பது உச்ச நீதிமன்றம் வரை நிலைபெற்ற சட்டம். தவிர, குத்தகைக்கு வந்தவர் அந்தக் குத்தகை நீடிக்கும் வரை தனக்கு இடம் கொடுத்தவரின் உரிமையை மறுத்துப் பேச முடியாது; 1872ஆம் ஆண்டுச் சாட்சியச் சட்டத்தின் 116ஆம் பிரிவு அப்படித்தான் கட்டியது, புதிய சாட்சியச் சட்டத்திலும் அது தொடர்கிறது. இருந்தும், வரிவிதிப்பை நிலக்காரர் பெயரிலேயே விட்டுவிடுவது நல்லது என்று குத்தகைதாரரிடம் சொன்னேன். வங்கிக்கு அவருக்குத் தேவைப்பட்டது பெயர் மாற்றம் அல்ல, பதிவு செய்யப்பட்ட குத்தகைப் பத்திரம். ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைப் பதிவு செய்தே ஆக வேண்டும் என்று சொத்து மாற்றுச் சட்டத்தின் 107ஆம் பிரிவு சொல்கிறது. அவர் கையில் இருந்த 15 ஆண்டுப் பத்திரம் பதிவில்லாததால், சட்டத்தின் கண்ணில் அது மாதாமாதக் குத்தகையாகச் சுருங்கியிருந்தது. 15 ஆண்டுகள் காலி செய்யச் சொல்லாமல் இருந்தது நிலக்காரரின் வாக்குச் சுத்தம். பத்திரத்தின் பலம் அல்ல. இதைக் குத்தகைதாரர் முன்னிலையில் சொன்னபோது நிலக்காரர் முகத்தில் இறுக்கம் தளர்ந்தது.

பேச்சு முறிந்திருந்தால் குத்தகைதாரர் என்ன செய்திருக்கலாம் என்பதையும் எழுதிவிடுகிறேன். சீல் வைக்கும் நிலை வந்தால் முழுத் தொகையையும் தானே கட்டிவிட்டு, நிலக்காரரின் பங்கைத் திரும்பக் கேட்டு வழக்குப் போடலாம். இன்னொருவர் சட்டப்படி கட்ட வேண்டிய பணத்தை, தன் நலன் காக்க வேண்டிக் கட்டியவர் அதைத் திரும்பப் பெறலாம் என்பது 1872ஆம் ஆண்டு ஒப்பந்தச் சட்டத்தின் 69ஆம் பிரிவு. அந்தப் பிரிவுக்குச் சட்டமே தரும் உதாரணம் வங்காளத்து ஜமீன் நிலம் ஒன்றின் குத்தகை: ஜமீன்தார் அரசுக்குக் கட்ட வேண்டிய கிஸ்தி பாக்கியாகி நிலம் ஏலத்துக்கு வருகிறது, ஏலம் போனால் தன் குத்தகையும் போய்விடும் என்று குத்தகைதாரர் பாக்கியைக் கட்டுகிறார், ஜமீன்தார் அதை ஈடு செய்யக் கடமைப்பட்டவர். பணம் கட்டிய நாளிலிருந்து மூன்று ஆண்டுகளுக்குள் வழக்குத் தொடுக்க வேண்டும். ஆனால் பலர் செய்வது போல, கேட்காமலேயே மாத வாடகையில் பிடித்துக்கொள்வதை நான் ஒருபோதும் பரிந்துரைப்பதில்லை. அது வாடகை பாக்கி என்ற பெயரில் மறுபக்கம் வழக்காகத் திரும்பும்.

ஜிஎஸ்டி பற்றியும் ஒரு சொல். 2024 அக்டோபர் 10 முதல், ஜிஎஸ்டியில் பதிவில்லாத ஒருவரிடமிருந்து குடியிருப்பு அல்லாத இடத்தை வாடகைக்கு எடுக்கும், ஜிஎஸ்டியில் பதிவு பெற்ற தொழில்முனைவோர், பொதுவாக வாடகைக்கான 18 சதவீத வரியைத் தாமே அரசுக்குச் செலுத்த வேண்டும். நிலக்காரரின் பங்கு வரியையும் குத்தகைதாரரே கட்டுவது என்று எழுதிக்கொண்டால் அந்தத் தொகையும் வாடகையின் பகுதியாகவே பார்க்கப்படும். பங்கைத் தனித்தனியே வைத்ததற்கு இதுவும் ஒரு காரணம்.

2025 ஜனவரியில் ஒன்பது ஆண்டுகளுக்குப் புதிய பத்திரம் எழுதிச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவு செய்தோம். வரியைப் பற்றிய வாக்கியத்தை நானே மூன்று முறை எழுதித் திருத்தினேன்: "மேற்படி நிலத்தின் பேரிலும் அதன் மேல் குத்தகைதாரர் தம் செலவில் அமைத்துள்ள செட்டின் பேரிலும் மாநகராட்சி விதிக்கும் சொத்துவரியை, அவ்வப்போது ஏற்படும் உயர்வு உட்பட, நிலச் சொந்தக்காரர் மூன்றில் ஒரு பங்கும் குத்தகைதாரர் மூன்றில் இரண்டு பங்கும் ஏற்க வேண்டியது; கேட்பு அறிவிப்பு எவர் கையில் கிடைத்தாலும் ஏழு நாட்களுக்குள் மற்றவருக்கு அதன் நகலைக் கொடுக்க வேண்டியது; வரி ரசீது எவர் பெயரில் இருப்பினும் அதனால் நிலத்தில் குத்தகைதாரருக்கு எவ்வித பாத்தியமும் ஏற்படாது." கடைசிப் பகுதி சட்டப்படி தேவையில்லாதது. நிலக்காரர் அதை இரண்டு முறை வாசிக்கச் சொல்லிக் கேட்ட பிறகே பேனாவை எடுத்தார்.

செட்டை விரிவாக்கினால் பங்கு எப்படி மாறும் என்பதை மட்டும் முடிவு செய்ய முடியவில்லை. குத்தகைதாரர் பின்பக்கம் 1,500 சதுர அடி சேர்க்க நினைக்கிறார். கூடுதல் கட்டடத்துக்கான வரி முழுவதும் அவருடையது என்று நிலக்காரரும், அதே மூன்றில் இரண்டு என்று குத்தகைதாரரும் சொல்கிறார்கள். என் கணிப்பில் நிலக்காரர் சொல்வதே சரி. மனையின் அளவு கூடவில்லை, கட்டடம்தான் கூடுகிறது. அது கட்டும்போது பேசிக்கொள்ளலாம் என்று இருவரும் விட்டிருக்கிறார்கள். ஏப்ரல் அரையாண்டுக்கான ரசீதை இந்த முறை நிலக்காரரின் மகன் போய் வாங்கி வந்தார். அசல் கம்பிக்குப் போனது; நகல் ஒன்று செட்டில், மின்மீட்டர் பெட்டிக்கு மேலே ஒட்டப்பட்டிருக்கிறது.